கபீரியா யார்?

சென்ற ஞாயிற்றுக்கிழமை இரவு நம் வீட்டுக் கூடத்தில் ஒரு சலனப்படக் காட்சி நடந்தது. பழைய படங்களென்றால் சோறு தண்ணீர் வேண்டாம் என்றிருக்கும் நண்பர் ஒருவர், கையடக்கமான ஒளிக்கருவி ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து சேர்ந்தார். சுவரில் ஒரு வெள்ளை வேஷ்டியை இழுத்துக் கட்டினோம். விளக்குகளை அணைத்தோம். குழந்தைகள் முன் வரிசையில் பாயிலும், பெரியவர்கள் பின்னால் நாற்காலிகளிலும், பெரியம்மா ஊஞ்சலிலுமாக அமர்ந்தோம். படம் இத்தாலி தேசத்தில் 1914-ம் வருஷம் வெளியானது. பெயர் ‘கபீரியா.’ பேசாப் படம். ஏறக்குறைய மூன்று மணி நேரம் ஓடக்கூடியது.

மூன்று மணி நேரம் பேசாமலிருக்கிற எதையும் நம் வீட்டில் யாரும் சகித்துக்கொண்டதாகச் சரித்திரம் இல்லை. ஆகையால் அரை மணிக்குள் கூடம் காலியாகி, நாமும் நண்பரும் மட்டும் மிஞ்சுவோம் என்றே எண்ணியிருந்தோம். நடந்ததோ வேறு. எட்னா எரிமலை வெடித்துத் தூண்கள் சரிந்த போது குழந்தைகள் ஒருவரையொருவர் கட்டிக்கொண்டார்கள். கார்த்தேஜ் நகரத்துக் கோயிலில் மோலோக் என்னும் கொடிய தெய்வத்தின் வயிற்றில் எரிந்துகொண்டிருந்த நெருப்பில் குழந்தைகளைப் போட ஆரம்பித்ததும், பெரியம்மா ஊஞ்சலை நிறுத்திவிட்டாள். மாச்சிஸ்தே என்ற மகா பலசாலி வந்தானோ இல்லையோ, பாயில் இருந்த படை முழுவதும் எழுந்து நின்றுவிட்டது.

படம் முடிந்தது. குழந்தைகள் கூடத்தில் ஆளுக்கொரு மாச்சிஸ்தேயாகி, இரும்புக் கம்பிகளை வளைப்பதாக எண்ணிக்கொண்டு ஜன்னல் கம்பிகளோடு போராடிக்கொண்டிருந்தார்கள். அப்போதுதான் பெரியம்மா அந்தக் கேள்வியைக் கேட்டாள்.

“எல்லாம் நன்றாகத்தான் இருந்தது. ஆனால், கபீரியா, கபீரியா என்று படத்துக்கே அந்தப் பெண்ணின் பெயரைத்தானே வைத்திருக்கிறார்கள்? அவளாக நடித்தவள் யார்?”

நண்பர் உற்சாகமாக ஆரம்பித்தார். படத்தை இயக்கியவர் ஜொவான்னி பாஸ்த்ரோனே என்றார். மாச்சிஸ்தேயாக வந்தவர் பார்த்தொலோமேயோ பகானோ, ஜெனோவாத் துறைமுகத்தில் மூட்டை தூக்கியவர் என்றார். எழுத்துப் பலகைகளின் வசனம் பிரசித்தி பெற்ற கவி தன்னூன்ஸியோவினுடையது என்றார். சங்கீதம் யார், தந்திரக் காட்சிகள் யார், ராணியாக வந்த அம்மாள் யார், எல்லாம் சொன்னார். “கபீரியா...” என்று இழுத்தார். பிறகு சட்டைப் பையிலிருந்து கண்ணாடியை எடுத்து மாட்டிக்கொண்டு, கொண்டுவந்திருந்த புஸ்தகத்தைப் புரட்ட ஆரம்பித்தார்.

பெரியம்மா சிரிக்கவில்லை. “பார்த்துச் சொல்லப்பா” என்றாள்.

வாசகர்களுக்கும் பார்த்துச் சொல்ல வேண்டியது நம் கடமையாகிவிட்டது.

முதலில் கதையைச் சுருக்கமாகக் கூறிவிடுகிறோம். கிறிஸ்துவுக்கு முன் மூன்றாம் நூற்றாண்டு. ரோமாபுரிக்கும் ஆப்பிரிக்கக் கரையிலிருந்த கார்த்தேஜுக்கும் பெரும் போர். ஸிஸிலித் தீவில் கட்டானியா நகரத்துச் செல்வர் ஒருவரின் சிறு பெண் கபீரியா. எரிமலை வெடித்த குழப்பத்தில் செவிலித் தாயோடு தப்பி ஓடுகிறவளைக் கடற்கொள்ளைக்காரர்கள் பிடித்துக்கொண்டு போய்க் கார்த்தேஜில் விற்கிறார்கள். வாங்கியவன் மோலோக்கின் பூசாரி. நரபலிக்கு நாள் குறித்தாகிவிட்டது. அந்த நகரத்தில் வேவு பார்க்க வந்திருந்த புல்வியஸ் என்னும் ரோமானியனும், அவனுடைய அடிமை மாச்சிஸ்தேயும் நெருப்பின் வாயிலிருந்து குழந்தையைப் பறித்துக்கொண்டு ஓடுகிறார்கள். புல்வியஸ் தப்புகிறான். மாச்சிஸ்தே பிடிபட்டு எந்திரக் கல்லில் பிணைக்கப்படுகிறான். பிடிபடுவதற்குமுன் குழந்தையை அவன் அரசகுமாரி சோபோனிஸ்பாவின் கையில் ஒப்படைத்துவிடுகிறான். குழந்தைக்கு எலிஸா என்று புதுப் பெயர். அடிமைப் பெண்ணாக வளர்கிறாள். வருஷங்கள் ஓடுகின்றன. ஹானிபால் யானைகளோடு ஆல்ப்ஸ் மலையைக் கடக்கிறான். ஸிராக்யூஸில் ஆர்க்கிமிடீஸ் கண்ணாடிகளால் சூரிய வெளிச்சத்தைத் திருப்பி ரோமானியக் கப்பல்களை எரிக்கிறார். புல்வியஸ் திரும்பி வருகிறான், மாச்சிஸ்தேயை விடுவிக்கிறான், இருவரும் மறுபடி சிறைப்படுகிறார்கள், தப்புகிறார்கள். கடைசியில் கார்த்தேஜின் கட்சி தோற்று, சோபோனிஸ்பா விஷம் அருந்தி மடிகிறாள். மடியுமுன் கபீரியாவைப் புல்வியஸுக்கே திருப்பித் தருகிறாள். கப்பல் ரோமாபுரியை நோக்கிச் செல்கிறது. மாச்சிஸ்தே குழல் ஊதுகிறான். சுபம்.

இத்தனை கதையிலும் கபீரியா செய்வது என்ன? தூக்கிக்கொண்டு போகப்படுகிறாள். விற்கப்படுகிறாள். மீட்கப்படுகிறாள். ஒளித்து வைக்கப்படுகிறாள். வேறு பெயரிடப்படுகிறாள். கடைசியில் ஒப்படைக்கப்படுகிறாள். தமிழ் இலக்கணத்தில் செயப்பாட்டு வினைக்கு இதைவிடச் சிறந்த உதாரணம் கிடைக்காது.

புஸ்தகத்தைப் புரட்டிய நண்பர் கடைசியாகப் பெயரைக் கண்டுபிடித்தார். லிதியா குவாரந்தா.

இத்தாலிய பாஷையில் ‘குவாரந்தா’ என்றால் நாற்பது. அந்த எண்ணை அவர் வயதில் தொட்டதில்லை. 1891-ல் டூரின் நகரத்தில் பிறந்தவர், 1928-ல் அதே டூரினில் காலமானார்.

இந்த அம்மாளைப்பற்றிச் சொல்வதற்குமுன் டூரினைப்பற்றி இரண்டு வார்த்தை. வட இத்தாலியில், ஆல்ப்ஸ் மலையின் அடிவாரத்தில் இருக்கும் நகரம். இன்று அதை மோட்டார் வண்டிகள் செய்கிற ஊர் என்று அறிவார்கள். 1910-க்கும் 1915-க்கும் இடையில் அது படங்கள் செய்கிற ஊராகவும் இருந்தது. அம்ப்ரோஸியோ, இதாலா, அக்விலா, குளோரியா என்று அங்கே பல கம்பெனிகள் இருந்தன. அந்த நாளில் ஹாலிவுட் இன்னும் தலையெடுக்கவில்லை. பாரிஸும், கோபன்ஹேகனும், ரோமாபுரியும், டூரினுந்தான் உலகத்துக்குப் படம் அனுப்பிக்கொண்டிருந்தன. அப்படிப்பட்ட ஊரில் பிறந்த பெண்கள் சிலர் படத்தில் நடிக்கப் போனதில் ஆச்சரியமில்லை. குவாரந்தா குடும்பத்திலிருந்து லிதியா மட்டுமல்ல, அவருடைய சகோதரிகள் லெதீஸியாவும் இஸபெல்லாவும்கூடப் போனார்கள். மூவரும் நடிகைகள். லிதியா 1910 வாக்கில் ஆரம்பித்து, 1912-ல் எர்மெதே ஸாக்கோனி என்ற பெரிய மேடை நடிகரை வைத்து இதாலா கம்பெனி எடுத்த ‘தந்தை’ என்ற படத்திலும் நடித்தார். அதே கம்பெனி, அடுத்தாற்போல் உலகத்தையே அசத்தும்படி ஒரு படம் எடுக்க முனைந்தபோது, அதன் பெயருக்கு உரிய வேஷம் இவருக்கு வாய்த்தது.

கம்பெனியின் மூளை பாஸ்த்ரோனே. அப்போது முப்பது வயதுகூட ஆகவில்லை. அந்தக் காலத்துப் படங்களில் காமிரா என்பது நாடகக் கொட்டகையில் நடுப் பெஞ்சியில் டிக்கெட் வாங்கி உட்கார்ந்திருக்கிற மனிதரைப்போல் இருந்த இடத்தை விட்டு அசையாது. பாஸ்த்ரோனே அதை ஒரு வண்டியில் ஏற்றினார். 1912-லேயே அதற்குக் காப்புரிமையும் வாங்கி வைத்துக்கொண்டார். படத்தைப் பார்க்கும்போது ஒரு விந்தை நேர்கிறது. பெரிய மண்டபம் ஒன்று தெரிகிறது. நாம் பாட்டுக்கு வாசலில் நிற்கிறோம். மெல்ல மெல்ல, யாரோ நம் முதுகில் கைவைத்து உள்ளே அழைத்துப் போவதைப்போல, அந்த மண்டபத்துக்குள் நகர்ந்து போய்விடுகிறோம். இன்றைக்கு எந்தக் கத்துக்குட்டியும் இதைச் செய்துவிடுவான். 1914-ல் இதைப் பார்த்தவர்கள் திகைத்துப்போனார்கள். பின்னால் இந்த மாதிரி நகர்வுக்கே சிலர் ‘கபீரியா நகர்வு’ என்று பெயரிட்டார்கள். கபீரியாவின் பெயர் காமிரா வண்டிக்குக்கூடக் கிடைத்துவிட்டது, பாருங்கள்!

தந்திரக் காட்சிகளுக்கு ஸெகுந்தோ தெ சோமோன் என்ற ஸ்பெயின் தேசத்துக்காரரை அமர்த்திக்கொண்டார்கள். ‘அக்கினி ஸிம்பனி’ என்று பலிக் காட்சிக்கு மட்டும் தனியாக இல்தெப்ராந்தோ பிட்ஸெத்தி என்ற பெரிய சங்கீத வித்வான் இசை அமைத்தார். செலவு பத்து லக்ஷம் லிரா அளவுக்குப் போயிற்று என்பார்கள். இதில் ஐம்பதினாயிரம் லிரா ஒரே மனிதருக்குப் போயிற்று. அவர்தான் கப்ரியேலே தன்னூன்ஸியோ.

கவி தன்னூன்ஸியோ அச்சமயம் பிரான்ஸில் இருந்தார். காற்று வாங்கப் போகவில்லை. கடன்காரர்களிடமிருந்து ஒளிந்துகொள்ளப் போயிருந்தார். பாஸ்த்ரோனேயின் கதையும் படமும் அவரிடம் போயின. கவி எழுத்துப் பலகைகளுக்கு ஆடம்பரமான நடையில் வசனம் எழுதினார். கதாபாத்திரங்களுக்குப் பெயர் வைத்தார். ‘மாச்சிஸ்தே’ என்ற பெயரும் ‘கபீரியா’ என்ற பெயரும் அவர் இட்டவை. வெளியான போது படம் முழுவதுமே தன்னூன்ஸியோவின் சிருஷ்டி என்று விளம்பரம் செய்தார்கள். எழுதிக் கொடுத்த பேனாவுக்கு ஐம்பதினாயிரம் லிரா என்று நண்பர் வியந்தார். நாம் வியக்கவில்லை. விலைபோனது பேனா அல்ல, பெயர். சினிமா என்றால் கூலிக்காரர்கள் பார்க்கிற வேடிக்கை என்று மூக்கைச் சுளித்த கனவான்களையும் சீமாட்டிகளையும் கொட்டகைக்குள் வரவழைக்க அந்தப் பெயர் தேவைப்பட்டது. பாஸ்த்ரோனே தம் பெயரைத் தாமே மறைத்துக்கொண்டார். பிற்காலத்துச் சரித்திரக்காரர்கள் அதைத் தேடியெடுத்து அவரிடமே கொடுத்துவிட்டார்கள். 1959-ல் அவர் காலமானபோது, அந்தப் படம் யாருடையது என்பதில் சந்தேகம் இருக்கவில்லை.

இன்னொரு விஷயத்தையும் சொல்லாமல் போக முடியாது. இத்தாலி 1911-லும் 1912-லும் துருக்கியோடு சண்டையிட்டு ஆப்பிரிக்காவில் லிபியாவைப் பிடுங்கிக்கொண்டது. அதற்கு இரண்டே வருஷம் கழித்து, ஆப்பிரிக்கக் கரையை ரோமாபுரி ஜயித்த கதையைப் படமாக்கிக் காட்டினால் ஜனங்கள் கைதட்டாமல் என்ன செய்வார்கள்? கார்த்தேஜ்காரர்களெல்லாம் குழந்தைகளை நெருப்பில் போடுகிறவர்கள். ரோமானியர்களெல்லாம் குழந்தைகளை நெருப்பிலிருந்து எடுக்கிறவர்கள். சாம்ராஜ்யங்கள் தங்களைப்பற்றிச் சொல்லிக்கொள்ளும் கதை எந்த ஊரிலும் இப்படித்தான் இருக்கும். அந்த மாச்சிஸ்தேயும் அடிமைதான், உடம்பெல்லாம் கறுப்பு மை பூசிய வெள்ளைக்காரர். அடிமை பிரபுவுக்காக உயிரைக் கொடுத்து உழைக்கிறான். முடிவில் அவனுக்குக் கிடைத்தது குழல் ஒன்றுதான். படத்தின் அழகை ரஸிக்கும்போதே இதையும் கவனித்து வைக்கிறோம்.

1914 ஏப்ரல் 18-ந் தேதி டூரினில், விக்தோரியோ இமானுவேலே தியேட்டரில், படம் முதல் முதலாகத் திரையிடப்பட்டது. அந்த வருஷம் ஜூன் மாதமே நியூயார்க்குக்குப் போயிற்று. அமெரிக்க ஜனாதிபதியின் வெள்ளை மாளிகைத் தோட்டத்திலும் காட்டினார்கள். அமெரிக்காவின் கிரிபித் துரை இரண்டு வருஷம் கழித்து எடுத்த பிரம்மாண்டமான படத்தில் பாபிலோன் நகரத்து யானைகள் தும்பிக்கை தூக்கி நிற்பதற்கு இந்தப் படமே காரணம் என்பவர்கள் உண்டு.

இத்தனை புகழும் வந்தது. அதைப் பங்கு போட்டுக்கொண்டார்கள். கவிக்கு எவ்வளவு என்று பார்த்தோம். துறைமுகத்து மூட்டைக்காரர் பகானோவுக்குக் கிடைத்தது அதைவிடப் பெரிது. அவரை எழுந்து நிற்கச் சொல்லி, கைகளை மடக்கச் சொல்லி, படம் பிடித்தாலே போதும், ஜனங்கள் ஆர்ப்பரித்தார்கள். 1915-ல் ‘மாச்சிஸ்தே’ என்றே அவருக்கு ஒரு தனிப் படம் எடுத்தார்கள். அதன் கதை வேடிக்கையானது. துஷ்டர்களுக்குப் பயந்து ஓடுகிற ஒரு பெண் ஒரு சினிமாக் கொட்டகைக்குள் புகுந்து ஒளிந்துகொள்கிறாள். அங்கே என்ன படம் ஓடுகிறது? ‘கபீரியா’தான். திரையில் மாச்சிஸ்தேயைப் பார்த்ததும், தன்னைக் காப்பாற்ற இவனால்தான் முடியும் என்று தீர்மானித்துக் கம்பெனிக்குக் கடிதம் எழுதுகிறாள். உடனே நடிகர் மாச்சிஸ்தே கிளம்பி வந்துவிடுகிறார். கபீரியா இருந்த படத்திலிருந்து மாச்சிஸ்தே தனியாகக் கழன்று கொண்டுவந்து, இன்னொரு பெண்ணைக் காப்பாற்றப் போய்விட்டார். அப்புறம் அவருக்குக் கபீரியா தேவைப்படவில்லை. ராணுவத்தில் சேர்ந்தார், நரகத்துக்குப் போனார், படம் படமாக வந்துகொண்டேயிருந்தார்.

பெண் வேஷங்களில் கிடைத்த புகழும் லிதியாவுக்கு வரவில்லை. அது சோபோனிஸ்பாவாக நடித்த இத்தாலியா அல்மிரான்தே மன்ஸீனிக்குப் போயிற்று. அதில் நாம் குறை சொல்லமாட்டோம். ராணி வேஷம் அப்படிப்பட்டது. காதல் உண்டு, கர்வம் உண்டு, சொப்பனம் உண்டு, விஷக் கிண்ணம் உண்டு. அந்த நாளில் இத்தாலிய ரஸிகர்களுக்குத் தங்கள் நடிகைகள் திரையில் தவிப்பதைப் பார்க்க அலாதிப் பிரியம். லீதா பொரெல்லி 1913-லேயே ஒரு படத்தில் உருகி உயிர் விட்டிருந்தார். பிரான்செஸ்கா பெர்த்தீனி, பீனா மெனிக்கெல்லி என்று வரிசையாக வந்தார்கள். அவர்களை ‘தீவா’ என்று அழைத்தார்கள். தேவதை என்று அர்த்தம். தேவதைகள் காதலிப்பார்கள், கெடுப்பார்கள், கெடுவார்கள், சாவார்கள். அடிமைப் பெண் எலிஸாவோ சாகவும் இல்லை. யாரையும் கெடுக்கவும் இல்லை. தேவதையாவதற்கு அவளுக்கு எந்தத் தகுதியும் இருக்கவில்லை.

போகட்டும், ‘கபீரியா’ என்றதும் ஜனங்களுக்கு ஞாபகம் வரும் காட்சியாவது இவருடையதாக இருக்கக் கூடாதா? அதுவும் இல்லை. மோலோக்கின் சந்நிதியில் உயரத் தூக்கப்படும் குழந்தையைத்தான் உலகம் கபீரியா என்று நினைவில் வைத்திருக்கிறது. அந்தக் குழந்தையாக நடித்தது கரோலினா கத்தேனா என்ற சிறுமி. லிதியா திரைக்கு வருவது கதையில் பாதிக்குப் பிறகு. அதற்குள் எரிமலை வெடித்தாகிவிட்டது, கோயிலில் நெருப்பு எரிந்தாகிவிட்டது, யானைகள் மலையைக் கடந்தாகிவிட்டன. கல்யாணப் பந்தலில் பாட்டுக் கச்சேரி முடிந்து, வாண வேடிக்கையும் முடிந்த பிறகு பெண்ணை அழைத்துக்கொண்டு வந்தாற்போல் வந்து சேருகிறார்.

வந்து என்ன செய்கிறார்?

இந்த இடத்தில் வாசகர்களிடம் ஓர் உண்மையை ஒப்புக்கொள்ள வேண்டும். இதே படத்தை நாம் சில வருஷங்களுக்கு முன்பே ஒருமுறை பார்த்திருக்கிறோம். அப்போது லிதியா குவாரந்தா நடித்ததாகவே நமக்கு நினைவில்லை. எரிமலையைப்பற்றியும் காமிரா வண்டியைப்பற்றியும் எல்லாருக்கும் சொன்னோம். பெரியம்மாவின் கேள்வி நமது தலையில்தான் முதலில் குட்டியது. ஆகையால் மறுநாள் பகலில், வீட்டில் சந்தடி அடங்கிய நேரத்தில், எலிஸா வருகிற பகுதிகளை மட்டும் தனியாகப் போட்டுப் பார்த்தோம்.

ஒரு காட்சி. புல்வியஸும் மாச்சிஸ்தேயும் சிறைப்பட்டிருக்கிறார்கள், தாகத்தால் வாடுகிறார்கள். ராணியின் அடிமைப் பெண் எலிஸா இரக்கப்பட்டு அவர்களுக்குத் தண்ணீர் கொடுக்கிறாள். அவ்வளவுதான் காட்சி. தான் யாருக்குத் தண்ணீர் தருகிறோம் என்று அவளுக்குத் தெரியாது. தன் உயிரைக் காப்பாற்றியவர்கள் இவர்களே என்று அவள் எப்படி அறிவாள்? அவர்களுக்கும் தெரியாது. குழந்தையாகத் தூக்கிக்கொண்டு ஓடிய பெண் இப்போது வளர்ந்து, வேறு பெயரோடு, எதிரே நிற்கிறாள். கொட்டகையில் உட்கார்ந்திருக்கிற நமக்கு மட்டுந்தான் எல்லாம் தெரியும்.

இதை ஒரு நடிகை எப்படி நடிப்பது? தெரிந்ததாகக் காட்டினால் கதை கெட்டுப்போகும். தெரியாதவளாக மரம்போல் நின்றால் காட்சி கெட்டுப்போகும். அந்தக் காலத்து நடிப்பில் பிரதானமானவை கைகளே. துக்கம் வந்தால் கை நெற்றிக்குப் போகும். பயம் வந்தால் இரண்டு கையும் ஆகாயத்துக்குப் போகும். அதே படத்தில் பூசாரியும் ராஜாக்களும் இந்த வேலையைக் குறைவில்லாமல் செய்கிறார்கள். இந்த அம்மாள் கைகளைத் தண்ணீர் கொடுப்பதற்கு மட்டும் உபயோகிக்கிறார். மற்றது முகத்தில் இருக்கிறது. அதுவும் அதிகமில்லை. வாசலில் வந்து நிற்கிற களைத்த மனிதனுக்கு நம் வீட்டுப் பெண்பிள்ளைகள் ஒரு செம்பு தண்ணீர் கொடுக்கும்போது முகத்தில் என்ன இருக்குமோ, அது இருக்கிறது. நூறு வருஷத்துக்கு முந்தைய மற்ற நடிகர்களைப் பார்க்கும்போது நமக்குக் கொஞ்சம் சிரிப்பு வருகிறது. இவரைப் பார்க்கும்போது வரவில்லை. யானைக்கும் எரிமலைக்கும் நடுவில் இந்த ஒரு முகம் நேற்றுப் பிடித்த படம்போல் இருக்கிறது என்பது நம்முடைய அபிப்பிராயம்.

பெரிய விஷயமென்று இதை நாம் சொல்லவில்லை. ஆனால், கதை என்ற கயிறு முழுவதும் இந்தச் சிறு முடிச்சில்தான் நிற்கிறது. மூன்று மணி நேரம் ஒரு பெண்ணை மீட்பதற்காக ராஜ்யங்கள் எரிகின்றன. அந்தப் பெண் மீட்கத் தகுந்தவள்தானா என்று ஒரு தடவையாவது நமக்குத் தெரிய வேண்டாமா? அந்தத் தண்ணீர்க் காட்சியில் தெரிகிறது. மாச்சிஸ்தே கம்பியை வளைப்பதற்கு அர்த்தம் கொடுப்பது அந்த ஒரு வாய்த் தண்ணீர்.

‘கபீரியா’வுக்குப் பிறகும் லிதியா நடித்துக்கொண்டுதான் இருந்தார். பத்து வருஷ காலம் படங்கள் வந்துகொண்டிருந்தன. ஆனால் அவர் நின்றுகொண்டிருந்த தரையே நழுவத் தொடங்கிவிட்டது. 1915-ல் இத்தாலி உலக யுத்தத்தில் இறங்கிற்று. யுத்தம் முடிந்ததும் அமெரிக்கப் படங்கள் வெள்ளம்போல் வந்து புகுந்தன. 1919-ல் பெரிய கம்பெனிகளெல்லாம் ஒன்று சேர்ந்து ஒரே சங்கமாகிப் பார்த்தன. பணம் கொடுத்த பாங்கிகளில் ஒன்று 1921 டிஸம்பரில் முறிந்தது. சங்கம் படுத்தது. ஆண்டுக்கு நூற்றுக்கணக்கில் படம் எடுத்துக்கொண்டிருந்த தேசத்தில் பத்து வருஷத்தில் விரல் விட்டு எண்ணும்படி ஆயிற்று. டூரினின் படச்சாலைகள் ஒவ்வொன்றாய்க் கதவடைத்தன. முடிந்தவர்கள் பெர்லினுக்குப் போனார்கள், பாரிஸுக்குப் போனார்கள். லிதியாவின் சகோதரி லெதீஸியாவும் அவர் கணவர் கார்லோ கம்பொகல்லியானியும் தென் அமெரிக்கா வரையில் போனார்கள்.

இந்தத் தம்பதியைப்பற்றி ஒரு வார்த்தை. கம்பொகல்லியானி நடிகர், டைரக்டர். 1920-ல் அவர் எடுத்த மூன்று பாகப் படம் ஒன்றில் மாச்சிஸ்தே பகானோவே கதாநாயகர். கூட நடித்தவர் லெதீஸியா. ஆக, மாச்சிஸ்தேயோடு சேர்ந்து போகும் பாக்கியம் குவாரந்தா குடும்பத்தில் அக்காளைவிட்டுத் தங்கைக்கு வாய்த்தது. இதோடு முடியவில்லை. பகானோ 1947-ல் காலமான பிறகும் மாச்சிஸ்தே சாகவில்லை. 1960-ல், பேசும் படமாக, வர்ணப் படமாக, வேறொரு பலசாலியை வைத்து மறுபடி கிளப்பினார்கள். அந்தப் படத்தை எடுத்த டைரக்டர் யார்? அதே கம்பொகல்லியானிதான்! லெதீஸியா 1977 வரையில் ஜீவித்திருந்தார்.

லிதியாவுக்கு அந்த ஆயுள் இல்லை. 1928-ல், இத்தாலி தன் முதல் பேசும் படத்தை வெளியிடுவதற்கு இரண்டு வருஷம் இருக்கையில், அவர் போய்விட்டார். அவருடைய குரல் எப்படியிருந்தது என்று திரையின்மூலம் யாரும் கேட்டதில்லை. 1931-ல் பாஸ்த்ரோனே ‘கபீரியா’வைச் சற்றுச் சுருக்கி, சங்கீதமும் ஓசைகளும் சேர்த்து மறுபடி வெளியிட்டார். எரிமலை சத்தத்தோடு வெடித்தது. எலிஸா தண்ணீர் கொடுத்தபோது அவள் இறந்து மூன்று வருஷம் ஆகியிருந்தது.

அந்தப் பெயர்மட்டும் ஓயவில்லை. 1957-ல் பெல்லீனி என்ற மகா டைரக்டர் ‘கபீரியாவின் இரவுகள்’ என்று ஒரு படம் எடுத்தார். அதில் ரோமாபுரியின் தெருவோரத்தில் நிற்கும் ஓர் ஏழைப் பெண்ணுக்கு அந்தப் பெயர். நடித்தவர் அவருடைய மனைவி ஜூலியெத்தா மஸீனா. இன்று கபீரியா என்றால் அநேக ரஸிகர்களுக்கு அந்த அம்மாளின் முகந்தான் தோன்றும். பெல்லீனி தாம் குழந்தையாக இருந்தபோது பார்த்த முதல் படமென்று நினைவு வைத்திருந்தது எது தெரியுமா? மாச்சிஸ்தே நரகத்துக்குப் போன படம்! நம் வீட்டுப் பாயில் இருந்தவர்களுக்கும் அவருக்கும் ருசி ஒன்றாகவே இருந்திருக்கிறது.

டூரினில் மோலே அன்தொனெல்லியானா என்று வானளாவிய கோபுரக் கட்டடம் ஒன்று உண்டு. 2000-ம் ஆண்டிலிருந்து அதற்குள் தேசிய சினிமாக் காட்சிசாலை இருக்கிறது. சிதறிக் கிடந்த பிரதிகளையெல்லாம் சேர்த்து ‘கபீரியா’வைப் பழையபடி செப்பனிட்டவர்கள் இவர்களே, 2006-ல் கான் நகரத்து விழாவில் அதைக் காட்டினார்கள். அந்தக் காட்சிசாலையின் பெரிய கூடத்தில், போகிறவர்கள் எல்லாரும் அண்ணாந்து பார்க்கும்படி, இறக்கை விரித்து உட்கார்ந்திருக்கிறது ஓர் உருவம். படத்தில் கபீரியாவை விழுங்க வாய் திறந்து காத்திருந்த அந்த மோலோக்தான். அவர் பிறந்த ஊரிலேயே, அவர் இறந்த ஊரிலேயே, சௌக்கியமாக இருக்கிறது.

இவ்வளவையும் மறுநாள் இரவு சாப்பாட்டுக்குப் பின் பெரியம்மாவிடம் ஒப்பித்தோம். அவள் ஊஞ்சலை மெள்ள ஆட்டிக்கொண்டு கேட்டாள்.

“பெயரை இன்னொரு தரம் சொல்.”

“லிதியா குவாரந்தா.”

“லிதியா” என்று சொல்லிப் பார்த்தாள். மற்றப் பாதி அவள் வாயில் நுழையவில்லை.

குழந்தைகள் அதற்குள் சூழ்ந்துகொண்டார்கள். மாச்சிஸ்தே நரகத்துக்குப் போகிற படம் நண்பர் மாமாவிடம் இருக்கிறதா, அதை வருகிற ஞாயிற்றுக்கிழமை போடுவாரா என்பது அவர்களுடைய கேள்வி. இருக்கிறது, போடுவார் என்று சொல்லிச் சமாதானப்படுத்தித் தூங்கப் போகச் சொன்னோம்.

அவர்கள் போனதும் பெரியம்மா, “அந்தத் தண்ணீர் கொடுக்கிற இடத்தை மட்டும் போடேன், பார்ப்போம்” என்றாள்.

வேஷ்டி இன்னும் சுவரிலேயே இருந்தது. விளக்கை அணைத்தோம்.